பதினான்காம் பத்திக்கு ஓர் ஆட்சேபணை

தென்கால்குறிச்சி
3-2-1997

மதிப்பிற்குரிய வக்கீல் கமிஷனர் ஐயா அவர்களுக்கு,

வணக்கம். முன்பின் தெரியாத உங்களுக்கு எழுதுவதற்கு மன்னிக்க வேண்டும். மூன்று தாள்களைக் கிழித்தாயிற்று, இது நான்காவது. கோர்ட் சம்பந்தப்பட்டவர்களுக்கு எப்படி எழுதுவது என்று கேட்க எங்கள் வீட்டில் ஆள் இல்லை. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்தவள் நான் ஒருத்திதான். போன வருடம் பி.காம். முடித்தேன். அப்பா விக்கிரமசிங்கபுரம் நூல் ஆலையில் ஷிப்ட் வேலை பார்க்கிறார். அம்மா அன்னத்தாய் இரண்டு எருமை வைத்திருக்கிறாள். இருபது வருடமாக எங்கள் ஊர்ப் பால் சங்கத்தில் காலையும் மாலையும் பால் ஊற்றுகிறாள்.

அம்மாவோடு பால் ஊற்றும் அலிமா பீவி அக்கா போட்ட வழக்கில் ஐகோர்ட் எங்கள் சங்கத்தின் பழைய தேர்தலை ரத்து செய்து, புதுத் தேர்தலை நடத்த உங்களை நியமித்திருக்கிறது. சந்தோஷம். ஆனால் சங்கக் கதவில் ஒட்டியிருக்கும் வரைவுப் பட்டியலை நான் நான்கு நாள் போய்ப் பார்த்தேன். எல்லோரும் போன பிறகுதான் போனேன். அதில் நூற்று முப்பத்தைந்து பெயர்கள் இருக்கின்றன. தினம் வரிசையில் நிற்கிற எழுபத்து நான்கு பெண்களின் பெயர்கள் இல்லை. 'கறவை மாடு இல்லை' என்று காரணம் போட்டிருக்கிறது. கிராமத்துக் கணக்கில் மாடு வீட்டு ஆம்பிளை பெயரில் இருக்கிறது, பால் ஊற்றுகிறவள் மனைவி. அதனால் அவளுக்கு மாடு இல்லையாம். அம்மா பெயரும் இல்லை.

மாடே இல்லாத ஐம்பது பேருக்கு மேல் பட்டியலில் இருக்கிறார்கள். தலைவர் நமச்சிவாயம் அண்ணாச்சி சான்று கொடுத்திருக்கிறார். சைக்கிள் கடை நாறும்பூநாதன் அண்ணாச்சி பதினேழாம் நம்பர் உறுப்பினர். அவர் வீட்டில் நான்கு கால் உள்ளது கட்டில் மட்டும்தான்.

இப்படி எழுதியது மரியாதைக் குறைவாக இருந்தால் மன்னிக்கவும். உண்மை அதுதான்.

இப்படிக்கு,
மு. இன்பமணி


சென்னை
10-2-1997

செல்வி மு. இன்பமணி அவர்களுக்கு,

1. உங்கள் 3-2-97 தேதியிட்ட கடிதம் கிடைத்தது.

2. நான் உயர் நீதிமன்றத்தால் நியமிக்கப்பட்டவன். வழக்கு தொடர்பாக எவரிடமிருந்தும் தனிப்பட்ட கடிதம் பெற்று அதை மட்டும் வைத்து முடிவெடுக்க எனக்கு அதிகாரம் இல்லை. ஆகவே உங்கள் கடிதத்தின் நகல்கள் மனுதாரர் அலிமா பீவிக்கும், எதிர்மனுதாரர் நமச்சிவாயத்துக்கும் அனுப்பப்பட்டுள்ளன.

3. பட்டியல் மீதான ஆட்சேபணைகளைத் தீர்க்க, 23-2-97 ஞாயிறு காலை பத்து மணி முதல் ஒவ்வொரு உறுப்பினரின் வீட்டிலும் கறவை மாடு இருக்கிறதா என்று நானே நேரில் பார்ப்பேன். மாடு யார் பெயரில் இருக்கிறது என்பது முக்கியமல்ல. சங்க விதிப்படி பால் உற்பத்தி செய்பவர் யார் என்பதே முக்கியம். உறுப்பினராகப் பதிவாகி, பால் உற்பத்தி செய்பவருக்கு வாக்கு உண்டு.

4. மேற்கொண்டு எனக்கு எழுத வேண்டிய அவசியம் இராது என்று நம்புகிறேன்.

குமரகுருபரன்
வழக்கறிஞர் ஆணையர்
(நகல்: இரு தரப்புக்கும்)


தென்கால்குறிச்சி
15-2-1997

ஐயா,

அவசியம் வந்துவிட்டது.

நீங்கள் அனுப்பிய நகலை நமச்சிவாயம் அண்ணாச்சி வியாழக்கிழமை மாலை பால் வரிசையில் நின்று சத்தம் போட்டு வாசித்தார். நான் அம்மாவுக்குத் தூக்குவாளி கொண்டுபோனவள், அளவு மேசைக்குப் பக்கத்தில் மாட்டிக்கொண்டேன்.

"ஏட்டி அன்னத்தாயி, ஒம் மவ ஐகோர்ட்டுக்குக் கடுதாசி எழுதுதா. எழுத்து முத்து முத்தா இருக்கு. எல்லாரும் கேளுங்க" என்று ஆரம்பித்தார். "இனிமே இவளைப் பொண்ணு கேட்டு வாரவன் வக்கீலைக் கூட்டிட்டுத்தான் வரணும்" என்று நடுநடுவே சேர்த்துக்கொண்டார். நான் தரையைப் பார்த்தபடி நின்றேன். கட்டில் வரி வந்தபோது அவர் அறியாமல் அதையும் வாசித்துவிட்டார். வரிசை முழுக்கச் சிரித்தது. அலிமா அக்கா, "அண்ணாச்சி, அந்த எடத்த இன்னொரு தரம் வாசிங்க, பின்னால கேக்கல" என்றாள். அவர் தாளை மடித்துவிட்டார்.

அம்மா ஒன்றும் சொல்லவில்லை என்று நினைக்காதீர்கள். "வாசிச்சு முடிச்சாச்சா? முடிச்சா பால அளக்கச் சொல்லுங்க, நொரை அடங்கிப் போவுது" என்றாள்.

ஆனாலும் அன்று இரவு தொழுவத்தில் போய் அழுதேன். அப்பா என்னோடு இரண்டு நாளாகப் பேசவில்லை. அவர் ஆலைக்குப் போகும் வழியில் சைக்கிளை நிறுத்தி நான்கு பேர் விசாரித்தார்களாம். ஒரு பெண் நம்பி எழுதியதை அப்படியே எதிராளி கையில் கொடுப்பதுதான் நியாயம் என்றால், அந்த நியாயத்துக்குக் கொஞ்சம் கண்ணும் இருந்திருக்கலாம்.

இந்தக் கடிதத்தின் நகலும் அவருக்குப் போகும் என்று தெரியும். எனவே அவர் வாசிக்கட்டும் என்றே எழுதுகிறேன். வாசிக்க வசதியாகப் பெரிய எழுத்தில் எழுதியிருக்கிறேன்.

நீங்கள் பத்து மணிக்கு வருகிறேன் என்கிறீர்கள். பத்து மணிக்கு எங்கள் ஊர் எருமைகள் ஆற்றில் கிடக்கும். காலையில் கறந்து முடித்ததும் அவிழ்த்து விட்டால், தாமிரபரணியில் கழுத்தளவு தண்ணீரில் ஊறிவிட்டு நான்கு மணிக்குத்தான் கரையேறும். ஆகவே நிஜமாக மாடு வைத்திருப்பவள் தொழுவம் பத்து மணிக்குக் காலியாக இருக்கும். யார் வீட்டு முற்றத்திலாவது அந்நேரம் எருமை கட்டியிருந்தால் அது ஊருக்குப் புதிது என்று அர்த்தம். உங்கள் நோட்டில் எல்லாம் தலைகீழாகப் பதிவாகும்.

வெளியூரிலிருந்து லாரியில் எருமைகள் கொண்டுவரப் பேச்சு நடக்கிறது. இது ரகசியம் இல்லை, டீக்கடையிலேயே பேசுகிறார்கள்.

காலை ஐந்து மணிக்கு வாருங்கள். மாட்டைப் பார்க்க வேண்டாம். உறுப்பினர் யாரோ அவரைக் கறக்கச் சொல்லுங்கள்.

எனக்கு அன்றைக்குத் திருநெல்வேலியில் அரசு வேலைப் பரீட்சை இருக்கிறது. முந்தின நாளே பேட்டையில் அத்தை வீட்டுக்குப் போய்விடுவேன். ஆகவே நான் எதையும் தூண்டிவிட்டேன் என்று யாரும் சொல்ல முடியாது.

இன்பமணி


சென்னை
19-2-1997

செல்வி இன்பமணி அவர்களுக்கு,

1. ஆய்வு நேரம் காலை ஐந்து மணி என்று மாற்றப்பட்டுள்ளது. உறுப்பினர் தாமே பால் கறந்து காட்ட வேண்டும். கறவை வற்றிய மாடு என்றால் கால்நடை மருத்துவர் அங்கேயே பார்த்துச் சொல்வார். இதற்கு எதிர்த்தரப்பு எழுத்து மூலம் சம்மதித்துள்ளது. 'கறப்பது என்ன பெரிய வித்தையா' என்று அவர்கள் எழுதியிருப்பதையும் பதிவு செய்கிறேன்.

2. பத்து மணி என்று குறித்தது என்னுடைய பிழை. அது நீதிமன்றப் பழக்கம். நான் பிறந்தது திருநெல்வேலி டவுன். நாற்பத்தொரு வருடமாகக் காபி குடிக்கிறேன். பால் கறப்பதை ஒரு நாளும் பார்த்ததில்லை.

3. நகல் அனுப்பியதற்கு வருத்தம் தெரிவிக்க மாட்டேன். நாளை அவர்கள் எனக்கு ரகசியமாக எழுதினால் உங்கள் தாயாருக்கும் அதன் நகல் வர வேண்டும் அல்லவா? ஆனால் அது வரிசையில் வாசிக்கப்படும் என்று நான் யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை. இனி என் ஆவணங்களில் உங்கள் பெயர் வராது. 'கிராமத்தைச் சேர்ந்த ஒருவர்' என்று மட்டுமே குறிப்பிடுவேன்.

4. பரீட்சையை நன்றாக எழுதவும்.

குமரகுருபரன்
(நகல்: இரு தரப்புக்கும், நான்காம் பத்தி நீங்கலாக)


அம்பாசமுத்திரம், பயணியர் விடுதி
24-2-1997

செல்வி இன்பமணி அவர்களுக்கு,

ஆய்வின் விவரத்தை இரு தரப்புக்கும் அனுப்பிவிட்டேன். நீங்கள் ஊரில் இல்லாததால் உங்களுக்கும் தெரிவிப்பது முறை என்று கருதுகிறேன். இதை வழக்கம்போல எண் போட்டு எழுத முயன்றேன், சரிப்படவில்லை.

நாறும்பூநாதன் வீட்டிலிருந்து தொடங்கினோம். முற்றத்தில் நல்ல கறுப்பு எருமை ஒன்று புதுக் கயிற்றில் கட்டியிருந்தது. அவர் குளித்து, திருநீறு பூசி, வெள்ளை வேட்டியில் தயாராக இருந்தார். ஒரு வாரமாக மச்சினி வீட்டு ஆட்டில் பழகியிருப்பதாக அவராகவே சொன்னார். பித்தளைச் செம்போடு உட்கார்ந்து கறக்க ஆரம்பித்தார். ஐந்து நிமிடம் ஆயிற்று, பத்து நிமிடம் ஆயிற்று. செம்பு காலியாகவே இருந்தது. எருமை வாசலைப் பார்த்துக் கத்திக்கொண்டே இருந்தது.

மனுதாரர் அலிமா பீவி வேலிக்கு வெளியே நின்றிருந்தார். "கன்னுக்குட்டி எங்க அண்ணாச்சி?" என்று கேட்டார்.

"கன்னு எதுக்கு? கோர்ட்டு மாட்டத்தான கேட்டிருக்கு?" என்றார் நாறும்பூநாதன்.

கன்று வந்து முட்டினால்தான் எருமை பால் விடும் என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. அவருக்கும் அப்போதுதான் தெரிந்தது. லாரியில் இடம் பற்றாது என்று கன்றுகளை எல்லாம் விட்டுவிட்டு வந்திருக்கிறார்கள். அவர் என்னைப் பார்த்து, "ஐயா, இது புது எடம், வெக்கப்படுது" என்றார். அதையும் எழுதிக்கொண்டேன்.

தலைவர் சான்று கொடுத்த ஐம்பத்திரண்டு பேருக்கு வந்திருந்தவை பதினெட்டு எருமைகள். எனவே நான் ஒரு வீட்டை விட்டு வெளியேறியதும் அங்கிருந்த எருமை பின் சந்து வழியாக அடுத்த வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது. வலது கொம்பின் நுனி முறிந்த எருமை ஒன்றை நான் மூன்று வீடுகளில் சந்தித்தேன். மூன்றாவது வீட்டில் அது என்னை அடையாளம் கண்டுகொண்டது போலிருந்தது. ஐம்பத்திரண்டு வீடுகளிலும் ஒரு சொட்டுப் பால் இல்லை. எட்டு மணிக்கு மேல் போன வீடுகளில் பாதிப் பேர் கதவைத் திறக்கவே இல்லை.

"வே, நீரு வக்கீலா, பால்காரரா?" என்று நமச்சிவாயம் என்னைக் கேட்டார். இன்றைக்கு இரண்டும்தான் என்றேன். ஒரு வாரத்துக்கு முன் இப்படி நான் பதில் சொல்லியிருக்க மாட்டேன்.

நீக்கப்பட்ட எழுபத்து நான்கு பெண்களில் எழுபத்தொரு பேர் அன்று காலையிலும் மாலைக் கறவையிலுமாக என் முன்னால் கறந்தார்கள். இரண்டு பேரின் மாடுகள் சினை, மருத்துவர் பார்த்து உறுதி செய்தார். ஒருவருக்குக் காய்ச்சல், அவர் கட்டிலிலிருந்து குரல் கொடுக்க, எருமை திரும்பிப் பார்த்தது. மகள் கறந்தாள். அந்தக் குரலை நான் சான்றாக ஏற்றுக்கொண்டேன்.

உங்கள் தாயார் கன்றை அவிழ்த்து விட்டு, இழுத்துக் கட்டி, கறந்து முடித்து எழ எத்தனை நேரம் ஆயிற்று என்று கடிகாரத்தைப் பார்க்க மறந்துவிட்டேன். ஒரு டம்ளர் குடிக்கச் சொன்னார். வழக்கில் சம்பந்தப்பட்டவர் வீட்டில் எதுவும் அருந்தக் கூடாது என்றேன். "ஒரு வா பாலு குடிச்சா கேசு தோத்துருமோ?" என்றார். நோட்டை எடுத்துக்கொண்டு அடுத்த வீட்டுக்கு நடந்தேன்.

இறுதிப் பட்டியலில் நூற்று ஐம்பத்தேழு பேர் இருப்பார்கள். உங்கள் தாயாரின் எண் 63.

குமரகுருபரன்


தென்கால்குறிச்சி
2-3-1997

ஐயா,

உங்கள் கடிதத்தை அம்மாவுக்கு மூன்று தரம் வாசித்துக் காட்டினேன். ஒவ்வொரு தரமும் கொம்பு முறிந்த எருமை வரும்போது, "பாவம், அதுக்கு மடி கட்டியிருக்கும். யாரு எரக்கப்பட்டா?" என்கிறாள். லாரி திரும்பிப் போகும்வரை அந்த எருமைகள் கத்தியது ஊர் முழுக்கக் கேட்டதாம். கடைசியில் அலிமா அக்காவும் இன்னும் நான்கு பேரும் போய், வெந்நீர் ஒற்றி, எப்படியோ தடவிக் கொடுத்துப் பாலைப் பீய்ச்சி விட்டார்களாம். எதிராளி மாடு என்று அவர்கள் பார்க்கவில்லை.

அப்பா பேச ஆரம்பித்துவிட்டார். ஆலையில் ஷிப்ட் முடிந்து வருகிறவர்களிடம் ஆய்வுக் கதையை அவர்தான் சொல்கிறாராம். நான் எழுதிய கடிதத்தை அவர் எழுதச் சொன்னது போலச் சொல்கிறார். போகட்டும்.

இப்போது ஒரு கவலை. அம்மாவும் அலிமா அக்காவும் இயக்குநர் பதவிக்கு மனுப் போட்டிருக்கிறார்கள். ஒன்பது இடங்கள். ஆனால் எங்கள் சங்கத்தில் இதுவரை தேர்தல் என்றால் கை தூக்குவதுதான். தலைவர் மேசையில் உட்கார்ந்திருப்பார், "யார் யாருக்குச் சம்மதம்?" என்பார், எல்லோரும் கை தூக்குவோம். புதுத் தேர்தல் முடியும்வரை சங்கம் அவர் பொறுப்பில்தான்; அளவு மேசையில் நாளைக்கும் அவர் முகத்தில்தான் விழிக்க வேண்டும். கொழுப்பு குறைவு என்று பாலைத் திருப்பி அனுப்ப அவரால் முடியும். போன வாரம் இரண்டு பேர் பாலை அனுப்பிவிட்டார்.

இந்தத் தடவை ஓட்டுப் பெட்டி என்றதும் பெண்கள் என்னிடம், "பெட்டில போட்டா யாருக்குப் போட்டோம்னு அவருக்குத் தெரியாதா?" என்று கேட்கிறார்கள். தெரியாது என்கிறேன். "ஒனக்கு எப்படித் தெரியும்?" என்கிறார்கள். எனக்குத் தெரியாதுதான், படித்ததைச் சொல்கிறேன்.

ஓட்டுச்சாவடி அவருடைய அரிசி ஆலையில் என்று நோட்டீசில் இருக்கிறது. வேறு எங்காவது வைக்க முடியுமா? மறைப்புத் தட்டி தலைக்கு மேல் உயரமாக இருக்க வேண்டும். எங்கள் ஊர் ஆம்பிளைகள் எட்டிப் பார்ப்பதில் கூச்சப்பட மாட்டார்கள்.

பரீட்சை சுமாராக எழுதினேன். ஒரு கேள்விக்குப் பதில் தெரியும், ஆனால் எழுதாமல் விட்டேன்; மணி ஐந்தரை ஆயிற்றே, நீங்கள் எந்த வீட்டில் இருப்பீர்கள் என்று விடிகாலையில் தொடங்கிய யோசனை பரீட்சை அறையிலும் விடவில்லை.

இன்பமணி


சென்னை
28-3-1997

செல்வி இன்பமணி அவர்களுக்கு,

1. 16-3-97 அன்று ஊராட்சிப் பள்ளியில் நடந்த வாக்கெடுப்பு குறித்த என் அறிக்கையின் வரைவு, தமிழாக்கத்துடன் இரு தரப்புக்கும் அனுப்பப்பட்டது. அதன் பிரதி ஒன்று இத்துடன்.

2. பதிவான வாக்குகள் 154. மறைப்புத் தட்டி ஆறடி. ஒருவர் ஸ்டூல் போட்டு ஏறினார், இறக்கப்பட்டார்.

3. ஒன்பது இடங்களில் ஏழு மனுதாரர் தரப்புக்கு. அதிக வாக்குகள் பெற்றவர் அன்னத்தாய், 109. நமச்சிவாயம் பெற்றவை 47; அவர் தேர்வாகவில்லை. உங்கள் தாயாரின் வாக்குக் கட்டை மட்டும் நான் இரண்டு தரம் எண்ணியதை உங்கள் ஊர்த் தலையாரி பார்த்துவிட்டார். அது அறிக்கையில் இல்லை.

4. வரைவின் மீது எவருக்கேனும் ஆட்சேபணை இருந்தால் ஏப்ரல் 7ஆம் தேதிக்குள் எழுத்து மூலம் தெரிவிக்கலாம். அதன் பிறகு அது உயர் நீதிமன்றத்தில் நிரந்தரப் பதிவாகிவிடும்.

குமரகுருபரன்


தென்கால்குறிச்சி
2-4-1997

மதிப்பிற்குரிய ஐயா,

இயக்குநர்கள் கூடி அலிமா அக்காவைத் தலைவராகத் தேர்ந்தெடுத்துவிட்டார்கள். தலைவர் நாற்காலியில் உட்காரச் சொன்னதற்கு, "உக்காந்தா பால யாரு பாப்பா?" என்று நின்றுகொண்டே கையெழுத்துப் போட்டாள். முதல் தீர்மானம், பாலைத் திருப்பி அனுப்பினால் காரணத்தை எழுதிக் கையில் கொடுக்க வேண்டும். இரண்டாவது, பெண்கள் பெயரிலேயே உறுப்பினர் அட்டை. அம்மா இரண்டையும் கை தூக்கி ஆதரித்தாளாம். பழக்கம் விடவில்லை.

தேர்தல் அன்று நடந்ததை நீங்கள் உள்ளே இருந்து பார்த்தீர்கள், நான் வெளியே இருந்து பார்த்தேன். தட்டிக்குப் பின்னால் போகும்போது ஒவ்வொருத்தியும் முந்தானையை இழுத்து மூடிக்கொண்டு போனாள். வெளியே வரும்போது ஒருத்தியும் மூடவில்லை. காய்ச்சலில் கிடந்த அக்காவைச் சைக்கிள் பின் சீட்டில் உட்காரவைத்துத் தள்ளிக்கொண்டு வந்தது யார் என்று நினைக்கிறீர்கள்? நாறும்பூநாதன் அண்ணாச்சி. ஆய்வுக்குப் பிறகு அவரை நமச்சிவாயம் அண்ணாச்சி ஊர் நடுவே வைத்து 'மடையன்' என்று திட்டிவிட்டார். "கன்னு வேணும்னு அவருக்கு மட்டும் தெரிஞ்சிருந்துச்சாக்கும்" என்று இவர் இப்போது எல்லோரிடமும் கேட்கிறார்.

முடிவு தெரிந்த அன்று மாலை யாரும் வெடி போடவில்லை. பால் ஊற்றும் நேரம் ஆகிவிட்டது. எழுபத்து நான்கு பேரும் நேராக வரிசையில் வந்து நின்றார்கள். அப்படி ஒரு சத்தமான வரிசையை நான் பார்த்ததில்லை. நமச்சிவாயம் அண்ணாச்சி வீட்டுப் பாலும் வந்தது, அவர் மனைவி கொண்டுவந்தார். அம்மா தள்ளி நின்று இடம் விட்டாள். "நீயும் பேரக் குடுத்து அட்டை வாங்கிரு மதினி, ஒம் பாலுதான அது" என்றாள்.

உங்கள் வரைவு அறிக்கை அலிமா அக்கா கைக்கு வந்ததும், "நீயே வாசிட்டி, எல்லாரும் கேக்கணும்" என்றாள். நான் மாட்டேன் என்றேன். கல்லூரியில் மூன்று வருடத்தில் நான் எழுந்து நின்று ஒரு கேள்வி கேட்டதில்லை. ஆனால் அவளுக்குப் படிக்கத் தெரியாது, அம்மாவுக்கும் தெரியாது. அளவு மேசைக்குப் பக்கத்தில் நின்று வாசித்தேன். முதல் இரண்டு பத்திகள் குரல் வரவில்லை. "பைய வாசி, ஒண்ணும் அவசரம் இல்ல" என்றார்கள். பிறகு வந்துவிட்டது. உங்கள் தமிழ் கொஞ்சம் கடினம்தான். கடினமான இடங்களை நானே எளிதாக்கிச் சொன்னேன். அதற்கு உங்கள் அனுமதி பெறவில்லை.

பதினான்காம் பத்தி வந்தது. 'கிராமத்தைச் சேர்ந்த ஒருவர் தெரிவித்த யோசனையின்படி ஆய்வு நேரம் மாற்றப்பட்டது. இதுவே உண்மையான உறுப்பினர்களைக் கண்டறிய வழிவகுத்தது' என்று எழுதியிருக்கிறீர்கள்.

வரிசையின் கடைசியில் ஒரு கிழவர், "அது யாரு அந்த ஒருத்தரு? நம்மூர்ல அம்புட்டு மூளை உள்ளவன் எவன்?" என்று கேட்டார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் பதினைந்தாம் பத்திக்குப் போய்விட்டேன்.

வீட்டுக்கு வந்த பிறகு அதையே நினைத்துக்கொண்டிருந்தேன். என் நன்மைக்காகத்தான் நீங்கள் அப்படி எழுதினீர்கள். அன்றைக்கு நான் அழுதிருந்தேன், உங்களைக் குறை சொல்லியும் எழுதினேன். இன்று கேட்பது அதற்கு நேர்மாறாக இருக்கிறது, மன்னிக்கவும். இதை முதல் வரியிலேயே எழுத நினைத்தேன், தைரியம் வரவில்லை. இவ்வளவு எழுதிய பிறகுதான் வந்திருக்கிறது.

எழுபத்து நான்கு பேர் தங்கள் பெயர் ஒரு தாளில் இருக்க வேண்டும் என்று கோர்ட் வரை போனார்கள். நான் அவர்கள் பெயர் இருக்கிறதா என்று கதவில் தேடிய நான்கு நாளும் யாரும் பார்க்காத நேரமாகப் பார்த்துத்தான் போனேன். இனி அப்படிப் போக எனக்கு விருப்பம் இல்லை.

வரைவு அறிக்கை மீது எனக்கு ஓர் ஆட்சேபணை உண்டு. ஏழாம் தேதிக்கு முன்பே தெரிவிக்கிறேன். பதினான்காம் பத்தியில் 'கிராமத்தைச் சேர்ந்த ஒருவர்' என்று இருப்பதை அடித்துவிட்டு, 'அன்னத்தாய் மகள் இன்பமணி, பி.காம்.' என்று எழுத வேண்டும்.

இப்படிக்கு,
இன்பமணி